வைத்தியரைச் சுட்ட கோடை

என் வயதுக்காரர்களிடம் மட்டும்தான் இதைச் சொல்ல முடியும். மாதம் ஒருமுறை தலைக்குச் சாயம் பூசிக்கொள்கிறவர்கள், பொடி எழுத்தைப் படிக்க போனைத் தள்ளிப் பிடிக்கிறவர்கள், ஆனால் அந்தக் காலத்து மவுஸுக்கு வயிற்றில் ஒரு ரப்பர் உருண்டை இருந்தது என்றால் உடனே தலையாட்டுகிறவர்கள். சின்னவர்களிடம் சொன்னால் பாவமாகப் பார்க்கிறார்கள். பெரியவர்களிடம் சொன்னால், கம்ப்யூட்டர் விளையாட்டா என்று கேட்டுவிட்டுப் பாதியிலேயே எழுந்து போய்விடுகிறார்கள். அதனால் உங்களிடம் சொல்கிறேன். அந்தக் கோடையில் எங்கள் வீட்டில் யாருக்கு என்ன நோய் இருந்தது, யார் யாரைக் குணப்படுத்தினார்கள் என்பது எனக்கு இன்றுவரை சரியாகப் பிடிபடவில்லை. சொல்லச் சொல்லத் தெளியும் என்று ஒவ்வொரு தடவையும் நினைக்கிறேன். இதுவரை தெளிந்ததில்லை.

எங்கள் வீடு ராஜபாளையத்தில் தறிக்கூடங்களுக்கு நடுவே இருந்தது. அந்தத் தறிகளில் சேலையோ வேட்டியோ நெய்யவில்லை. காயத்துக்குக் கட்டுகிற பேண்டேஜ் துணி நெய்தார்கள். அதை வீட்டுக்கு வாங்கி வந்து, அளவு பார்த்து வெட்டி, இறுக்கமாகச் சுருட்டிக் கொடுப்பது அம்மாவின் வேலை. வீட்டில் எந்த மூலையில் கை வைத்தாலும் வெள்ளைப் பஞ்சு ஒட்டும். குழம்பில் மிதக்கும். விடிந்தால் தலையணையில் இருக்கும். ஊரார் காயத்துக்கெல்லாம் எங்கள் வீட்டிலிருந்து துணி போகிறது என்று எனக்கு அப்போது ஒரு பெருமை உண்டு. பள்ளிக்கூடத்தில் எவளாவது முட்டியைச் சிராய்த்துக்கொண்டு வந்து கட்டுப் போட்டிருந்தால், அது அம்மா சுருட்டியதாகத்தான் இருக்கும் என்று அடித்துச் சொல்வேன்.

அண்ணன் பன்னிரண்டாம் வகுப்புப் பரீட்சை எழுதி முடித்திருந்தான். அப்பா வேலை பார்த்த நூல் மில்லின் ஆபீஸில் புதிதாகக் கம்ப்யூட்டர் வாங்கியதால் பழையதைக் கழித்துப் போட்டார்கள். அண்ணன் காலேஜில் சேரப் போகிறான், உதவும் என்று அப்பா அதைக் கேட்டு வாங்கி ஆட்டோவில் வைத்துக் கொண்டுவந்தார். தெருவே வந்து பார்த்தது. எதிர் வீட்டம்மா வீட்டில் தெலுங்கு பேசுவார்கள். அந்த அம்மா கம்ப்யூட்டர் திரையைத் தொட்டுப் பார்த்துவிட்டு, "ஏமம்மா, இதுல நாடகம் தெரியாதா?" என்று கேட்டு, தெரியாது என்றதும் அதன்மேல் இருந்த மதிப்பைக் குறைத்துக்கொண்டார்.

அம்மா அதற்கு ஒரு உறை தைத்தாள். தூசி படக்கூடாதே என்று பேண்டேஜ் துணியிலேயே தைத்தாள். கண்ணறை கண்ணறையாக ஓட்டையிருக்கும் துணி, அதில் எந்தத் தூசி நிற்கும்? ஆனாலும் நான்கு ஓரமும் மடித்து, கீழே நாடா வைத்து அவ்வளவு அழகாகத் தைத்திருந்தாள். காயம்பட்ட தலைக்குக் கட்டுப் போட்ட மாதிரி அது மூலையில் உட்கார்ந்திருக்கும். அந்த உறை எங்கே போனது என்று தெரியவில்லை. போன வருஷம்கூட அம்மாவின் பரணில் தேடிப் பார்த்தேன்.

விளையாட்டு வந்த சி.டி. தட்டு அண்ணனோடு படித்த சேக்காளி கொடுத்தது. மேலே பேனாவால் எழுதியிருந்த பெயர் பல கை பட்டு அழிந்திருந்ததால், அதன் உண்மையான பெயர் எங்களுக்குக் கடைசிவரை தெரியாது. பெரிய யுத்தம் ஒன்று நடந்து உலகமே சாம்பலாகி, மிச்சம் இருக்கிற ஆட்கள் தகரக் கொட்டகைகளில் வாழ்கிறார்கள். குடிதண்ணீருக்கு அலைகிறார்கள். கிணறு வற்றிக் கிடக்கிறது. அண்ணன் இதையெல்லாம் விரித்துச் சொன்னபோது எனக்குப் பெரிதாக ஒன்றும் தோன்றவில்லை. எங்கள் தெருவிலும் சித்திரை வைகாசியில் குடமும் கையுமாக அப்படித்தான் அலைந்தோம். எங்களுக்கு யுத்தம் தேவைப்படவில்லை, அவ்வளவுதான்.

அந்த உலகத்தில் நாங்கள் நடத்திக்கொண்டு போகிற ஆளுக்கு ஒரு பெயர் வைத்திருக்க வேண்டும். அண்ணன் அவசரத்தில் பெயர் எழுதும் இடத்தைத் தாண்டிவிட்டான். அதனால் அவன் எங்களுக்கு 'நம்மாள்'. தோல் சட்டை போட்டவன், பெரும்பாலும் முதுகைக் காட்டிக்கொண்டே போகிறவன். அண்ணன் மவுஸைப் பிடிப்பான், நான் பக்கத்தில் முக்காலியில் உட்கார்ந்து நம்மாளுக்காகப் பயப்படுவேன். எனக்கு அப்போது பன்னிரண்டு வயது. பயப்படுவதை ஒரு வேலையாகவே செய்வேன்.

ஒரு இடிந்த ஆஸ்பத்திரியின் அலமாரியில் நம்மாளுக்கு ஒரு டப்பா மாத்திரை கிடைத்தது. கொடுத்துப் பார்த்தோம். பலம் என்று எழுதியிருந்த இடத்தில் எண் ஏறியது. எருமை அளவுக்கு வந்த தேளை ஒரே அடியில் சாய்த்தான். நாங்கள் குதித்தோம். அதற்குப் பிறகு தேள் வந்தாலும் மாத்திரை, நாய் வந்தாலும் மாத்திரை, கடைசியில் சும்மா நடப்பதற்கும் மாத்திரை என்று ஆகிவிட்டது. ஒருநாள் திரையின் அடியில் பச்சை எழுத்தில் ஒரு வரி வந்தது. அண்ணன் இரண்டு தடவை படித்தான்.

"என்னண்ணே போட்டிருக்கு?"

"இவனுக்கு மாத்திரை பழகிருச்சுட்டி. இனி அது இல்லாம இவனால முடியாதாம்."

முடியவும் இல்லை. பையைத் தூக்க முடியாமல் நின்றான். சுட்டால் குறி தப்பியது. ஒரு மாத்திரை கொடுத்தால் சரியாகிவிடுவான். வேகம் இறங்கியதும் முன்னைவிட மோசமாகிவிடுவான். எனக்கு இது பிடிபடவே இல்லை. மாத்திரையால் வந்த நோய் என்கிறான் அண்ணன். மாத்திரை கொடுத்தால் நோய் போகிறது. அப்படியென்றால் அது மருந்தா, நோயா? அண்ணனைக் கேட்டேன். "ரெண்டும்தான், பேசாம இரு" என்றான். அவனுக்கும் தெரியவில்லை என்பது அவன் கோபப்பட்டதிலேயே தெரிந்தது.

விளையாட்டில் வருகிற ஒரு ஊரில் வைத்தியர் ஒருவர் இருந்தார். அவரிடம் போய்ப் பேசினால் அந்தப் பழக்கத்தை எடுத்துவிடுவார் என்று அண்ணன் எப்படியோ கண்டுபிடித்தான். நம்மாளைத் தள்ளாடித் தள்ளாடி அவர் கொட்டகைக்குக் கூட்டிப் போனோம். அங்கேதான் எங்கள் வீட்டுப் பஞ்சு வேலையைக் காட்டியது. மவுஸின் உருண்டையைச் சுற்றிப் பஞ்சு சேர்ந்து சேர்ந்து திரையில் அம்புக்குறி திடீர் திடீரென்று எகிறும். வாரத்துக்கு ஒருமுறை உருண்டையைக் கழற்றி, உள்ளே சுற்றியிருக்கிற வெள்ளை வளையங்களை ஊசியால் எடுக்க வேண்டும். அந்த வாரம் எடுக்கவில்லை. பேசுவதற்கு அமுக்க வேண்டிய இடத்தை விட்டு அம்பு துப்பாக்கிக்குத் தாவியது, அண்ணனின் விரல் அதற்குள் அமுக்கிவிட்டது. வைத்தியர் செத்துப்போனார்.

ஊரே எங்களைத் துரத்தியது. தப்பித்து வெளியே வந்ததும் அண்ணன் பதற்றத்தில் அதுவரை விளையாடியதைச் சேமித்துவிட்டான். பழையதன் மேலேயே சேமித்துவிட்டான். அவ்வளவுதான், இனிமேல் அந்த வைத்தியர் எந்தக் காலத்திலும் உயிரோடு கிடையாது. அடுத்த வைத்தியர் வரைபடத்தின் இன்னொரு மூலையில் இருந்தார். நான் அழுதேன். அண்ணன் மவுஸைக் கவிழ்த்து வைத்துப் பஞ்சை எடுத்தான்.

இதெல்லாம் நடந்துகொண்டிருந்தபோது சுவருக்கு அந்தப் பக்கம் அம்மா தலையைப் பிடித்துக்கொண்டு துணி சுருட்டிக்கொண்டிருந்தாள்.

அம்மாவுக்குத் தலைவலி எப்போது தொடங்கியது என்று கேட்டால் யாருக்கும் தெரியாது. எனக்கு நினைவு தெரிந்த நாளிலிருந்து அது வீட்டில் இருந்தது. "ஏட்டி, ஓடிப்போய் ஒண்ணு வாங்கிட்டு வா" என்பாள். எதை என்று சொல்ல வேண்டியதில்லை. தெருமுனைப் பெட்டிக்கடைக்காரரும் என் தலையைக் கண்டதுமே கத்திரிக்கோலை எடுத்து மாத்திரைப் பட்டையை வெட்டத் தொடங்குவார். காலையில் வேலைக்கு உட்காருவதற்கு முன்னால் ஒன்று, கடுங்காப்பியோடு. மதியம் ஒன்று. விளக்கு வைக்கிற நேரத்தில் இன்னொன்று. யாரும் அதை ஒரு விஷயமாக நினைக்கவில்லை. தெருவில் துணி சுருட்டுகிற பெண்கள் பலரும் அப்படித்தான் இருந்தார்கள். மருந்துதானே?

ஆனால் கம்ப்யூட்டர் வந்த பிறகு அந்தத் தலைவலிக்கு ஒரு காரணம் கிடைத்துவிட்டது. "இந்தப் பெட்டி வீட்டுக்குள்ள வந்ததுல இருந்துதான் எனக்கு இம்புட்டு மண்டையிடி" என்று அம்மா சொன்னாள். அப்பா, ஆமாம் என்றார். எதிர் வீட்டம்மா, ஆமாம் ஆமாம் என்றார். கொஞ்ச நாளில் எனக்கே அப்படித்தான் இருக்கும் என்று தோன்றிவிட்டது. அண்ணனைப் பார்த்து ஆளுக்கு ஆள், "இது போதைலே, குடியைவிட மோசம்" என்று சொன்னார்கள். கண்ணெல்லாம் சிவந்துவிட்டது, சோற்றைத் திரையைப் பார்த்துக்கொண்டே தின்கிறான், கூப்பிட்டால் காது கேட்பதில்லை. எல்லாம் உண்மைதான்.

ஒருநாள் கடையிலிருந்து வந்தவள் மாத்திரையைக் கையில் வைத்துக்கொண்டே அண்ணனைக் கேட்டேன். "அண்ணே, அம்மாவுக்கும் பழகிருச்சா?"

"லூசு. அது தலைவலிக்குப் போடுறது. இது வேற."

"நம்மாள் எடுத்த டப்பாவுலயும் ஆஸ்பத்திரிக் குறிதானே போட்டிருந்துச்சு?"

அண்ணன் மவுஸிலிருந்து கையை எடுத்தான். தேள் எதுவும் வராமலே நம்மாளைக் கொஞ்ச நேரம் அப்படியே நிற்க வைத்திருந்தான்.

எதிர் வீட்டம்மாதான் யோசனை சொன்னார். அவர் தங்கை மகன் குடித்துக் குடித்துக் கெட்டுப்போயிருந்தவனாம். ஸ்ரீவில்லிபுத்தூரில் மடவார் வளாகத்து வைத்தியநாதரிடம் கூட்டிப்போய் நேர்ந்துகொண்டபின் தொடுவதே இல்லையாம். "குடியையே நிறுத்துன சாமி, இந்தப் பெட்டி எம்புட்டு?" என்றார். அம்மாவுக்கு அது மனசில் விழுந்துவிட்டது. ஒரு திங்கட்கிழமை அம்மா, எதிர் வீட்டம்மா, அண்ணன், நான் நாலு பேரும் பஸ் ஏறினோம். அண்ணன் ஜன்னல் ஓரம் உட்கார்ந்து வழியெல்லாம் மலையை முறைத்துக்கொண்டே வந்தான்.

கோயிலுக்குள் கால் வைத்ததும் கல் குளிர்ந்து கிடந்தது. எண்ணெயும் வௌவாலும் வில்வமும் கலந்த வாசம். குருக்கள் தட்டை வாங்கிக்கொண்டு யாருக்கு என்ன செய்கிறது என்று கேட்டார்.

"கம்ப்யூட்டர், சாமி" என்றாள் அம்மா.

"கம்ப்யூட்டருக்கு உடம்பு சரியில்லையா?"

"இல்ல சாமி, இவனுக்குத்தான். எந்நேரமும் அதுலயே கெடக்கான்."

குருக்கள் அண்ணனை மேலும் கீழும் பார்த்தார். இந்த நோய்க்கு அர்ச்சனை செய்வது அவருக்கும் முதல் தடவையாக இருந்திருக்கும். பெயர் நட்சத்திரம் கேட்டுக்கொண்டு உள்ளே போனார்.

எங்கள் பக்கத்தில் ஒரு வழக்கம் உண்டு. ஒருவர் ஒன்றை விட வேண்டும் என்று இன்னொருவர் நேர்ந்துகொண்டால், நேர்ந்துகொள்கிறவரும் தன் பங்குக்கு ஒன்றை விட வேண்டும். ஒரு மண்டலம் இரண்டு பேரும் தாங்க வேண்டும். யார் தவறினாலும் அதன் கேடு, யாருக்காக நேர்ந்தார்களோ அந்த ஆளின் தலையில்தான் இறங்கும். அம்மா தலையில் பூ வைக்காமல் இருக்கிறேன் என்றாள். எதிர் வீட்டம்மா ஒத்துக்கொள்ளவில்லை.

"பூவெல்லாம் கணக்கு இல்லம்மா. உடம்பு எதைக் கேக்குதோ அதை விடணும்."

அம்மா யோசித்தாள். காப்பியா, வெற்றிலையா என்று எதிர் வீட்டம்மா அடுக்கினார். நான் நடுவில் புகுந்து, "மாத்திரையை விடும்மா" என்றேன். ஏன் சொன்னேன் என்று எனக்கே தெரியாது. நம்மாள் ஞாபகமாகவே இருந்ததால் வாயில் வந்திருக்கும்.

அம்மா சிரித்துவிட்டாள். "மாத்திரைதானே? விட்டாப் போச்சு. பெட்டி அடங்குனா எனக்கு எதுக்குத் தலை வலிக்கப் போவுது?" என்று சொல்லிவிட்டு, அண்ணனின் கையைப் பிடித்துத் தன் கைக்குள் வைத்துக்கொண்டு சாமியைப் பார்த்துக் கண்ணை மூடினாள். அவ்வளவு லேசாக நேர்ந்துகொண்டாள்.

வீட்டுக்கு வந்ததும் உறையை இழுத்து நாடாவை முடிந்தாள். அண்ணன் ஒருநாள் முழுக்க யாரிடமும் பேசவில்லை. மறுநாள் மட்டையைத் தூக்கிக்கொண்டு மைதானத்துக்குப் போனான், இருட்டும்போது புழுதியோடு வந்து நாலு தட்டுச் சோறு தின்றான். குடியைவிட மோசம் என்று ஊரே சொன்ன நோய் அதோடு முடிந்தது. எல்லோரும் கொஞ்சம் ஏமாந்துபோன மாதிரிகூட இருந்தது.

அம்மாதான் விழுந்தாள்.

முதல் நாள் சாயங்காலம் நெற்றியை அமுக்கிக்கொண்டே இருந்தாள். மறுநாள் காலையில் எழுந்திருக்க முடியவில்லை. வாந்தி எடுத்தாள். ஜன்னலைச் சாக்கு வைத்து அடைக்கச் சொன்னாள். அவள் சுருட்ட வேண்டிய துணியையே நனைத்துத் தலையைச் சுற்றிக் கட்டிக்கொண்டு சுவர் பக்கம் திரும்பிப் படுத்தாள். கை நடுங்கியது. தறி ஓடும்போதெல்லாம் பல்லைக் கடித்தாள். "என் தலைக்குள்ள ஓட்டுதானுவ" என்றாள். பெட்டி மூலையில் கட்டுப் போட்டு அடங்கிக் கிடந்தது. ஆனால் தலைவலி முன்னைவிடப் பத்து மடங்காக இருந்தது. இது எப்படி என்று யாருக்கும் புரியவில்லை.

அப்பா ஷிப்ட் முடிந்து வந்து, மாத்திரையையும் தண்ணீரையும் நீட்டினார். "ஒண்ணே ஒண்ணு போடு. சாமி என்ன கண்ணைக் குத்தவா போவுது?"

"வேணாம். பிள்ளைக்கு ஆகாது."

"டாக்டர்ட்டயாவது வா."

"அவிய மாத்திரைதானே குடுப்பாவ? நான் வரல."

அப்பா மாத்திரையைச் சுவரில் விளக்கு வைக்கிற மாடப்பிறையில் வைத்துவிட்டு வெளியே போனார். வாசலில் நின்று எதிர் வீட்டம்மாவிடம், மில்லில் ஒருவருடைய சம்சாரம் இப்படித்தான் தலைவலி தலைவலி என்று கிடந்து மூளையில் கட்டி என்று தெரிவதற்குள் போய்விட்டாள் என்று மெதுவாகச் சொன்னார். நான் உள்ளே நின்று கேட்டுக்கொண்டிருந்தேன். அம்மா செத்துப்போவாள் என்று அன்றைக்கு முழுசாக நம்பினேன். பிறையில் மாத்திரை இருந்தது. அதை எடுத்துக் கொடுத்தால் அம்மா எழுந்து உட்காருவாள். கொடுத்தால் அண்ணனுக்கு ஏதாவது ஆகிவிடும். நான் அந்தப் பிறைக்குக் கீழேயே சுற்றிச் சுற்றி வந்தேன்.

மறுநாள் அப்பா மில்லுக்குப் போன பிறகு, உச்சி வெயிலில், அண்ணன் என்னைக் கையைப் பிடித்துக் கம்ப்யூட்டர் முன்னால் கூட்டிக்கொண்டு போனான். உறையின் நாடாவை அவிழ்த்தான்.

"அண்ணே, நேந்திருக்கோம்லா!"

"சத்தம் போடாதட்டி. ஒண்ணே ஒண்ணு பாக்கணும்."

நம்மாள் விட்ட இடத்திலேயே நின்றான், வளைந்த முதுகோடு. அண்ணன் அவனை அடுத்த வைத்தியரிடம் நடத்தவில்லை. ஒரு எரிந்த வீட்டுக்குள் கொண்டுபோய் நிறுத்தினான். பையில் மிச்சமிருந்த மாத்திரையைத் தரையில் போட்டான். அந்த விளையாட்டில் ஒரு கடிகாரம் உண்டு. அமுக்கினால் நேரம் ஓடும். அண்ணன் அமுக்கினான். ஒரு பகல் போனது. ஒன்றும் ஆகவில்லை. மறுபடி அமுக்கினான். பலத்தின் எண் அடியிலேயே கிடந்தது. மறுபடி. மறுபடி. வைத்தியரும் இல்லை, மாத்திரையும் இல்லை, அவன் இருட்டில் நிற்கிறான். நாட்கள் மட்டும் கண் இமைக்கும் நேரத்தில் போய்க்கொண்டிருந்தன. எனக்கு அதைப் பார்க்கச் சகிக்கவில்லை. சுவருக்கு அந்தப் பக்கம் அம்மா முனகுவது கேட்டது.

பிறகு பச்சை எழுத்தில் ஒரு வரி வந்தது. எண் ஏறியது. நம்மாள் நிமிர்ந்து நின்றான்.

நான் கத்தப் போனேன். அண்ணன் என் வாயைப் பொத்தினான். "தானாப் போயிருச்சுட்டி" என்றான், காதுக்குள். "யாருமே ஒண்ணும் செய்யல. தானாப் போயிருச்சு." என் வாயிலிருந்து கையை எடுக்கவே மறந்துவிட்டான்.

நேரே அம்மாவிடம் போய்க் கட்டிலுக்குக் கீழே உட்கார்ந்தான். "ம்மா, இன்னும் கொஞ்ச நாள்தான். தானாப் போயிரும். நடுவுல ஒண்ணு போட்டேன்னு வையி, திரும்ப முதல்ல இருந்து ஆரம்பிச்சிரும். தாங்கிக்கோம்மா."

அம்மா கண்ணைத் திறக்காமல் கேட்டாள். "ஒனக்கு எப்படிலே தெரியும்?"

கதவுக்குப் பின்னால் நான் நின்றேன். விளையாட்டைப் போட்டுப் பார்த்தேன் என்று சொன்னால் நேர்ச்சை முறிந்துவிட்டது என்று ஆகும். முறிந்துபோன நேர்ச்சைக்காக அவள் எதற்கு வலியைத் தாங்க வேண்டும்? எழுந்து பிறையிலிருந்து எடுத்துப் போட்டுக்கொள்வாள். சொல்லாவிட்டால் எதை வைத்து நம்புவாள்?

"எங்கூடப் படிச்சவனோட மாமா டாக்டரும்மா. அவிய சொன்னாவ."

அம்மா கண்ணைத் திறந்து அவனை ரொம்ப நேரம் பார்த்தாள். பிறகு மறுபடி சுவர் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

திரையில் ஒரே வரியில் போனது வீட்டில் அப்படிப் போகவில்லை. ஒருநாள் குறையும், மறுநாள் பழையபடி வந்து நிற்கும். கஞ்சியைக் கொண்டுபோனால் வாசமே வேண்டாம் என்பாள். சுருட்டாத துணி மூட்டை மூட்டையாகக் கிடந்தது. தறிக்காரர் இரண்டு தடவை ஆள் விட்டார். எதிர் வீட்டம்மாவும் நானும் சேர்ந்து சுருட்டினோம். என்னுடையது எல்லாம் தொளதொளவென்று இருந்தது. அதைக் கட்டிக்கொண்டு எந்தக் காயம் ஆறியதோ தெரியவில்லை.

ஒரு மத்தியானம் அம்மா எழுந்து உட்கார்ந்து ரசம் கேட்டாள். குடித்துவிட்டு, ஜன்னலில் இருந்த சாக்கை அவளே எடுத்தாள். வெயில் முகத்தில் விழுந்தது. சற்று நேரம் காதைக் கொடுத்துக் கேட்டுவிட்டு, "ஏட்டி, இன்னைக்குத் தறி ஓடலையா?" என்றாள்.

"ஓடுதேம்மா."

அவள் நம்பாமல் வாசலுக்குப் போய் எட்டிப் பார்த்துவிட்டு வந்தாள். எனக்கு அழுகை வந்துவிட்டது. ஏன் அழுகிறாய் என்று அவள் கேட்டாள்.

தினமும் போடுகிற தலைவலி மாத்திரையே தலைவலியைக் கொண்டுவந்து வைக்கும் என்று இந்த வயதில் நான் படித்துத் தெரிந்துகொண்டேன். அப்போது அப்படி யாரும் எங்களிடம் சொல்லவில்லை. அப்பாவுக்குத் தெரியாது, பெட்டிக்கடைக்காரருக்குத் தெரியாது, எதிர் வீட்டம்மாவுக்குத் தெரியாது. எல்லோரும் அண்ணனைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்கள். இன்றைக்கும் எங்கள் சொந்தத்தில் கல்யாண வீட்டில் பேச்சு வந்தால், அண்ணனைத்தான் வைத்தியநாதர் குணமாக்கினார் என்று கதை ஓடும். அண்ணன் இப்போது காலையிலிருந்து இரவுவரை திரை முன்னால் உட்கார்ந்திருக்கிற வேலையில் இருக்கிறான். அதற்குச் சம்பளம் கொடுப்பதால் யாரும் அதை நோய் என்று சொல்வதில்லை. அம்மாவை யாரும் குணமானவள் என்று சொன்னதே இல்லை. நோயே இல்லாதவளுக்கு எங்கிருந்து குணம் வரும்?

மண்டலம் முடிந்ததும் நேர்ச்சையை முடித்துக் கொடுக்க மறுபடி ஸ்ரீவில்லிபுத்தூர் போனோம். எதிர் வீட்டம்மா வரவில்லை, நாங்கள் மூன்று பேர் மட்டும். குருக்கள் எங்களை அடையாளம் கண்டுகொண்டார்.

"பையன் சரியாயிட்டானா?"

"வைத்தியநாதர் புண்ணியத்துல அதைத் தொட்டே பாக்கல சாமி" என்றாள் அம்மா, நல்ல சத்தமாக. அண்ணன் தலையைக் குனிந்துகொண்டான். உள்ளபடி அந்த முதல் மத்தியானத்துக்குப் பிறகும் அவன் நிறையத் தடவை தொட்டிருந்தான். நானும் கூட இருந்தேன்.

வெளியே வந்து குளத்துப் படிக்கட்டில் உட்கார்ந்தோம். அம்மா தேங்காய் மூடியைச் சில்லு சில்லாக உடைத்து எங்களுக்குக் கொடுத்தாள். அண்ணன் தன்னுடையதைத் தின்னாமல் கையிலேயே வைத்திருந்தான்.

"ம்மா, நான் விளையாண்டேன்" என்றான்.

"தெரியும்."

அண்ணன் நிமிர்ந்து பார்த்தான்.

"எப்படிம்மா?"

"தலைவலிக்காரிக்குக் காது எம்புட்டுக் கூரா இருக்கும்னு தெரியுமாலே? சுவத்துக்கு அந்தப் பக்கம் நீங்க ரெண்டு பேரும் குசுகுசுன்னது எனக்கு இடி மாதிரி கேட்டுச்சு. அப்புறம் நீ வந்து டாக்டர் சொன்னாருன்னியே, அப்பவே தெரியும்."

அண்ணனுக்கு முகமே மாறிவிட்டது. "பொறவு ஏம்மா அம்புட்டு வலியைத் தாங்குன? நான்தான் முறிச்சுட்டேன்ல. ஒண்ணு போட்டிருக்கலாம்ல?"

அம்மா மடியில் இருந்த தேங்காய்த் துகளைத் தட்டிவிட்டாள். "போடணும்னுதாம்லே இருந்தேன். அன்னைக்குச் சாயங்காலம் எந்திரிச்சுப் போட்டுருவோம், சாமி மன்னிச்சுக்கிடும்னு மனசுக்குள்ள சொல்லிக்கிட்டுதான் படுத்துக் கெடந்தேன். நீ முறிச்சது காதுல விழுந்துச்சா, அதுக்குப் பொறவு எப்படிப் போடுவேன்? நீயும் தவறி நானும் தவறிட்டா, ஒனக்கு யாருலே காவல்?"

அண்ணன் அவள் தோளில் முகத்தை வைத்துக்கொண்டான். நாலு பேர் பார்க்கிற இடத்தில், மீசை அரும்பிய பையன். அம்மா கொஞ்ச நேரம் அப்படியே விட்டாள். பிறகு அவனை விலக்கிவிட்டு எழுந்து, சேலையை உதறிக்கொண்டு, எங்களை அங்கேயே இருக்கச் சொன்னாள்.

"எங்கம்மா போற?"

"அந்த ஐயருட்ட பொய் சொல்லிட்டேன்லா. உண்மையைச் சொல்லிட்டு வாரேன்."

நடை சாத்துகிற நேரம். அவள் படியேறி வேகமாக நடந்து போனாள்.